உங்களுக்குத் தெரியுமா? – பிள்ளை கற்றதா என்று பார்த்தவர்கள்

இடிந்த பாலத்தைத் திரும்பக் கட்டிவிடலாம். மூன்றாம் வகுப்பில் வாசிக்கக் கற்காமல் விட்ட பிள்ளைக்கு அந்த எட்டு வயதை யாரும் திருப்பித் தர முடியாது. ஆகவே பள்ளிக்கூடத்தில் எதை மாற்றினாலும், 'இதனால் பிள்ளை கூடுதலாகக் கற்றதா?' என்று பார்த்தே ஆக வேண்டும். அப்படிப் பார்த்தவர்களுக்குக் கிடைத்த விடைகள் சில இங்கே.

சீமைக்குப் போன சட்டாம்பிள்ளை

1789-இல் சென்னை எழும்பூரில் ஆதரவற்ற சிறுவர் இல்லத்தின் பொறுப்பை ஏற்றவர், ஸ்காட்லாந்துக்காரரான பாதிரியார் ஆண்ட்ரூ பெல். நம் திண்ணைப் பள்ளிப் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதிப் பழகுவதைப் பார்த்து, தம் இல்லத்திலும் அதைப் புகுத்தினார். பெரிய பிள்ளைகளே சின்னப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும் முறையையும் கொண்டுவந்தார். 1797-இல் லண்டனில் இதைப் பற்றி அவர் வெளியிட்ட நூலின் தலைப்பிலேயே 'சோதனை' என்ற சொல் உண்டு. 'மெட்ராஸ் முறை' என்ற பெயரில் அது இங்கிலாந்துப் பள்ளிகளில் வேகமாகப் பரவியது. அவர் அளித்த பணத்தில் எழுந்த 'மெட்ராஸ் காலேஜ்' என்னும் பள்ளி செயின்ட் ஆண்ட்ரூஸ் நகரில் இன்றும் நடக்கிறது. ஆனால் அந்த முறை பரவியதற்குக் காரணம், ஓர் ஆசிரியரைக் கொண்டு நூற்றுக்கணக்கான பிள்ளைகளைச் சமாளிக்க முடிந்த சிக்கனம். வேறு முறையில் படித்த பிள்ளைகளோடு யாரும் முறையாக ஒப்பிட்டுப் பார்க்கவில்லை. 19ஆம் நூற்றாண்டின் நடுவில் அது வழக்கொழியத் தொடங்கியது.

குலுக்கிப் போட்ட வகுப்புகள்

வகுப்பில் பிள்ளைகள் குறைந்தால் படிப்பு கூடுமா? அமெரிக்காவின் டென்னசி மாநிலம் 1985 முதல் 1989 வரை 79 பள்ளிகளில் இதைச் செய்தே பார்த்தது. மழலையர் வகுப்பு முதல் மூன்றாம் வகுப்பு வரை 11,000-க்கும் மேற்பட்ட பிள்ளைகள். 13 முதல் 17 பேர் கொண்ட சிறிய வகுப்பு, 22 முதல் 25 பேர் கொண்ட வழக்கமான வகுப்பு, உதவியாளரும் உள்ள வழக்கமான வகுப்பு என மூன்று வகை. யாருக்கு எது என்பதைக் குலுக்கல் முடிவு செய்தது. அதனால் 'கெட்டிக்காரப் பிள்ளைகளை ஒரே வகுப்பில் போட்டுவிட்டார்கள்' என்ற பேச்சுக்கு இடமில்லை. சிறிய வகுப்புப் பிள்ளைகள் வாசிப்பிலும் கணக்கிலும் முந்தினார்கள். கறுப்பினப் பிள்ளைகளுக்குப் பலன் இன்னும் கூடுதல். உதவியாளரைச் சேர்த்ததால் மட்டும் பெரிய மாற்றம் வரவில்லை.

அதே யோசனை, அவசரக் கோலம்

1996-இல் கலிபோர்னியா தன் தொடக்க வகுப்புகளில் 20 பேருக்கு மேல் வேண்டாம் என்று பெரும் பணம் ஒதுக்கியது. ஒரேயடியாக ஆயிரக்கணக்கான ஆசிரியர்கள் தேவைப்பட்டார்கள். முழுத் தகுதி பெறாதவர்களும் வேலைக்கு எடுக்கப்பட்டார்கள். வசதியான பகுதிகளில் காலியிடம் வந்ததும், ஏழைப் பகுதிகளில் இருந்த அனுபவசாலிகள் பலர் அங்கே போய்விட்டார்கள். டென்னசியில் தெளிவாகக் கிடைத்த பலன் இங்கே மங்கிப்போனது. ஆய்வின் முடிவை எடுத்துக்கொண்டவர்கள், அந்த முடிவுக்கு வழிசெய்த நல்ல ஆசிரியர்களை ஏற்பாடு செய்யாமல் விட்டுவிட்டார்கள்.

பாடநூல் யாருக்குப் புரிந்தது?

1990களில் மேற்குக் கென்யாவின் கிராமப் பள்ளிகளில் இலவசப் பாடநூல் கொடுத்து ஆராய்ந்தார்கள். சராசரி மதிப்பெண் உயரவில்லை. ஏற்கெனவே முன்னணியில் இருந்த பிள்ளைகளுக்கு மட்டும் உயர்ந்தது. நூல்கள் ஆங்கிலத்தில் இருந்தன. அங்கே பல பிள்ளைகளுக்கு அது மூன்றாவது மொழி.

ஒரு மாத்திரையின் நீண்ட கதை

அதே வட்டாரத்தில் 1998 முதல் 75 பள்ளிகளில் குடற்புழு நீக்க மாத்திரையைப் படிப்படியாகக் கொடுத்தார்கள். மாத்திரை கிடைத்த பள்ளிகளில், பிள்ளைகள் வராமல் நிற்பது ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு குறைந்தது. மதிப்பெண் கூடவில்லை; அதையும் ஆய்வாளர்கள் மறைக்காமல் எழுதினார்கள். பின்னர் அவர்களுடைய கணக்கை வேறு ஆய்வாளர்கள் திரும்பப் போட்டுப் பிழைகளைச் சுட்டினார்கள்; பலத்த விவாதமும் நடந்தது. 20 ஆண்டுகள் கழித்துத் தேடிப்போய்ப் பார்த்தபோது, கூடுதல் ஆண்டுகள் மாத்திரை பெற்றவர்களின் ஒரு மணி நேர வருமானம் சுமார் 13 சதவீதம் அதிகமாக இருந்தது. ஆய்வாளர்களில் ஒருவரான மைக்கேல் கிரெமர், அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டுஃப்லோ ஆகியோருடன் 2019-இல் பொருளாதார நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். இந்தியாவில் 2015 முதல் பிப்ரவரி 10 தேசியக் குடற்புழு நீக்க நாள்.

மடிக்கணினி வந்தது, மதிப்பெண் வரவில்லை

பெரு நாட்டின் 319 கிராமப்புறப் பள்ளிகளில், பிள்ளைக்கு ஒரு மடிக்கணினி என்ற திட்டத்தை ஆராய்ந்த அறிக்கை 2012-இல் வெளியானது. பிள்ளைகள் கணினியைக் கையாளக் கற்றார்கள். சிந்தனைத் திறனில் சிறிது முன்னேற்றமும் தெரிந்தது. கணக்கு, மொழிப் பாட மதிப்பெண்கள் இருந்த இடத்திலேயே இருந்தன.

இரட்டைச் சம்பளம்

இந்தோனேசியாவில் 2005-இல் வந்த சட்டம், சான்றிதழ் பெறும் ஆசிரியர்களின் அடிப்படைச் சம்பளத்தை இரட்டிப்பாக்கியது. 360 பள்ளிகளில் பார்த்தபோது, ஆசிரியர்களின் மனநிறைவு கூடியிருந்தது; கூடுதலாக வேறு வேலை பார்ப்பது குறைந்திருந்தது. பிள்ளைகளின் கற்றல் மாறவில்லை. ஆசிரியருக்கு நல்ல சம்பளம் அவரது உரிமை. அதற்கு மேல் கற்பித்தலுக்கென்று தனி முயற்சியும் வேண்டும்.

வகுப்பைப் பார்க்காமல் நிலையைப் பார்த்தபோது

மூன்று, நான்காம் வகுப்பில் இருந்தும் எழுத்துக்கூட்ட முடியாத பிள்ளைகளை என்ன செய்வது? பிரதம் என்ற தொண்டு நிறுவனம் மும்பையிலும் வதோதராவிலும் அந்தந்தப் பகுதி இளம்பெண்களுக்குப் பயிற்சி கொடுத்து, பின்தங்கிய பிள்ளைகளைத் தினமும் சுமார் 2 மணி நேரம் தனியே உட்காரவைத்துப் படிப்பித்தது. 2001 முதல் நடந்த ஆய்வில், மிகவும் பின்தங்கிய பிள்ளைகளே அதிகம் முன்னேறினார்கள்.

பிறகு பீகாரில் அரசுப் பள்ளி ஆசிரியர்களே கோடை முகாமில் இந்த முறையில் பாடம் நடத்தினார்கள், பிள்ளைகள் முன்னேறினார்கள். பள்ளி திறந்ததும், பயிற்சியும் கருவிகளும் கையில் இருந்தும், பலன் காணோம். 'பாடத்தை முடிக்க வேண்டும்' என்ற நெருக்கடி எல்லாவற்றையும் விழுங்கிவிட்டது. அடுத்து ஹரியானாவில் இதற்கென்றே தினமும் ஒரு மணி நேரத்தைக் கால அட்டவணையில் ஒதுக்கி, பிள்ளைகளை வகுப்புவாரியாகப் பிரிக்காமல் வாசிக்கும் நிலைவாரியாகப் பிரித்தார்கள். பலன் திரும்பி வந்தது.

கண்ணால் கற்பவர், காதால் கற்பவர்

பிள்ளைகளைக் கண்ணால் கற்பவர், காதால் கற்பவர் என்று வகை பிரித்து, வகைக்கேற்பப் பாடம் நடத்தினால் நன்றாகப் படிப்பார்கள் என்ற நம்பிக்கை உலகெங்கும் உண்டு. நான்கு அமெரிக்க உளவியலாளர்கள் 2008-இல் ஆய்வுகளை அலசிப் பார்த்தார்கள். அந்த நம்பிக்கைக்குப் போதிய ஆதாரம் இல்லை என்றார்கள்.

திரும்பப் படிக்கலாமா, ஒப்பிக்கலாமா?

2006-இல் வெளியான ஆய்வில், ஒரு பகுதியைத் திரும்பவும் படித்தவர்கள் ஒரு வாரம் கழித்து 42 சதவீதம் நினைவில் வைத்திருந்தார்கள். புத்தகத்தை மூடிவிட்டு நினைவிலிருந்து எழுதிப் பார்த்தவர்களுக்கு 56 சதவீதம் நினைவிருந்தது. படித்ததும் ஒப்பிக்கச் சொன்ன பாட்டிகளுக்கு இது ஆச்சரியமாக இருக்காது.

கூடுதலாக 34 நிமிடத் தூக்கம்

அமெரிக்காவின் சியாட்டில் நகரில் உயர்நிலைப் பள்ளிகள் காலை 7.50-க்குத் தொடங்கியதை 8.45-க்கு மாற்றினார்கள். பிள்ளைகள் இன்னும் தாமதமாகப் படுப்பார்கள் என்று பலர் பயந்தார்கள். கையில் கருவி கட்டி அளந்தபோது, தினமும் 34 நிமிடம் கூடுதலாகத் தூங்கியிருந்தார்கள்.

அங்கன்வாடியில் இன்னொருவர்

தமிழ்நாட்டில் 640 அங்கன்வாடிகளை எடுத்துக்கொண்டு, பாதி மையங்களில் முன்பருவக் கல்விக்கென்றே கூடுதலாக ஒருவரை நியமித்துப் பார்த்தார்கள். கற்பிக்கும் நேரம் இரட்டிப்பானது. மொழியிலும் கணக்கிலும் பிள்ளைகள் முன்னேறினார்கள். ஊட்டச்சத்துக் குறைபாடும் குறைந்தது. ஏற்கெனவே இருந்த ஊழியருக்கு உணவையும் உடல்நலத்தையும் கவனிக்க நேரம் கிடைத்ததே காரணம்.

இழந்ததை அளந்தவர்கள்

கொரோனா ஊரடங்குக்குப் பிறகு, 2021-இல் தொடங்கிய இல்லம் தேடிக் கல்வித் திட்டத்தில் தன்னார்வலர்கள் மாலை நேரங்களில் வாசலிலும் திண்ணையிலும் பாடம் நடத்தியது நமக்கு நினைவிருக்கும். தமிழகக் கிராமங்களில் சுமார் 19,000 பிள்ளைகளைச் சோதித்த ஆய்வு சொல்வது இது: பள்ளிகள் திறந்து 6 மாதத்துக்குள், இழந்த கற்றலில் மூன்றில் இரண்டு பங்கு மீண்டது. அந்த மீட்சியில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு இல்லம் தேடிக் கல்வியின் பங்களிப்பு.

இவ்வளவு துல்லியமாகச் சொல்ல எப்படி முடிந்தது? கொரோனா வருவதற்கு முன், 2019-இலேயே அதே கிராமங்களில் பிள்ளைகளின் நிலையைச் சோதித்து எழுதி வைத்திருந்தார்கள். உங்கள் ஊர்ப் பள்ளியில் அடுத்த முறை புதிய திட்டம் தொடங்கும்போது, பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டத்தில் எழுந்து ஒரு கேள்வி கேளுங்கள்: "இன்றைக்கு நம் பிள்ளைகள் எந்த நிலையில் இருக்கிறார்கள் என்று எழுதி வைத்துவிட்டோமா?"