அமீனா வந்தால் தறி போய்விடுமா? ‘ஸ்டே’ எப்போது காப்பாற்றும்?

காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்தில் ஒரு நெசவாளர் என்று வைத்துக்கொள்வோம். மச்சானுக்காகப் புரோநோட்டில் ஜாமீன் கையெழுத்துப் போட்டார். மச்சான் கட்டவில்லை. கடன் கொடுத்தவர் கோர்ட்டுக்குப் போய், நெசவாளர் மீதும் 3 லட்சத்துக்கு டிகிரி வாங்கிவிட்டார். “அப்பீல் போட்டாச்சு, இனி ஒண்ணும் ஆகாது” என்று வீட்டில் நிம்மதியாக இருக்கிறார்கள்.

தப்பே அங்கேதான். சிவில் நடைமுறைச் சட்டம் 1908, கட்டளை 41, விதி 5 இதைத் தெளிவாகச் சொல்கிறது: அப்பீல் போட்டதாலேயே டிகிரி நின்றுவிடாது. ஸ்டே கேட்டுத் தனியாக மனு போட்டு, உத்தரவு கையில் வர வேண்டும். அதுவரை எதிர்த்தரப்பு நிறைவேற்று மனு போட்டு ஜப்தி வரை போகலாம். அப்பீலுக்கு மாவட்ட நீதிமன்றம் என்றால் 30 நாள், உயர் நீதிமன்றம் என்றால் 90 நாள் கெடு. அப்பீல் போடும் முன்பே, தீர்ப்பளித்த நீதிமன்றத்திடமும் தற்காலிக ஸ்டே கேட்கலாம்.

ஸ்டே சும்மா கிடைக்காது. பெரிய இழப்பு வருமா, மனு தாமதமாக வந்ததா என்று நீதிபதி பார்ப்பார். பண டிகிரி என்றால் வழக்கமாகத் தொகையை டெபாசிட் செய்யவோ ஜாமீன் காட்டவோ சொல்வார்கள். பணம் இல்லாமல்தானே கோர்ட்டில் நிற்கிறார் என்று கேட்டால், நியாயமான கேள்விதான்!

ஆனால் ஸ்டே இல்லாவிட்டாலும் தறிக்குப் பாதுகாப்பு உண்டு. பிரிவு 60, கைவினைஞரின் தொழில் கருவிகளை ஜப்தி செய்யக் கூடாது என்கிறது. தானே உட்கார்ந்து நெய்பவரின் குழித்தறி, அச்சு, நாடா எல்லாம் இதில் வரும். கூலிக்கு ஆள் வைத்துப் பத்துத் தறி ஓட்டுபவர் அதே சலுகையைக் கேட்பது கஷ்டம். தறியில் இருக்கும் பாவும் ஜரிகையும் பெரும்பாலும் சங்கத்துடையது, இல்லாவிட்டால் முதலாளியுடையது. அதை அமீனா பட்டியலில் எழுதினால், உரிமையாளர் கட்டளை 21, விதி 58-ன் கீழ் ஆட்சேபிக்கலாம்.

ஜெயில்? பண டிகிரிக்காகப் பெண்களைக் கைது செய்யவே முடியாது (பிரிவு 56). ஆண்களையும், வசதி இருந்தும் ஏமாற்றினால்தான். வசதியில்லாத ஏழையைக் கடனுக்காகச் சிறையில் தள்ளக் கூடாது என்று 1980-ல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர் தீர்ப்பளித்தார்.

கடன் கொடுத்தவர் பக்கமும் வலி இருக்கிறது. டிகிரியை நிறைவேற்ற 12 வருடம் அவகாசம் உண்டு. ஸ்டே இருக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது; ஆனால் காத்திருப்பு நீளும். ஸ்டே ஆறு மாதத்தில் தானாகக் காலாவதியாகும் என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை ரத்து செய்தது. 2025-ல் அதே உச்ச நீதிமன்றம் கணக்குக் கேட்டபோது, நாடு முழுக்க 8.82 லட்சம் நிறைவேற்று மனுக்கள் தேங்கியிருந்தன.

வக்கீல் வைக்க வசதியில்லையா? மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்களுக்கு வருமான வரம்பே கிடையாது. உதவி எண் 15100.