உடவத்தகலையில் எட்டுப் பொருள்

கண்டி தலதா மாளிகைக்குப் பின்னால் உயர்கிறது உடவத்தகலைக் காடு. கண்டி அரசர்களுக்கு உரியதாக இருந்து, 1938இல் சரணாலயமான இடம். அதற்குள் இருக்கும் சிறிய ஆசிரமத்தில் ஞானபோனிக தேரர் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தார்.

1901இல் ஜெர்மனியின் ஹனாவ் நகரில், யூதக் குடும்பத்தில் பிறந்தவர். இயற்பெயர் சீக்முண்ட் ஃபெனிகர். புத்தகக் கடைகளில் வேலை பார்த்தவர், 1936இல் இலங்கை வந்து துறவு பூண்டார். இரண்டாம் உலகப் போர் மூண்டதும் ஜெர்மானியர் என்பதால் பிரிட்டிஷார் அவரைத் தியத்தலாவையிலும் பின்னர் டேராடூனிலும் அடைத்துவைத்தார்கள். முகாமிலும் அவர் பாளி நூல்களை மொழிபெயர்த்துக்கொண்டே இருந்தார்.

பிக்குவுக்கு உரியவை எட்டு: மூன்று சீவரம் (துறவாடை), பாத்திரம், இடைக்கச்சை, சவரக்கத்தி, ஊசி, நீர் வடிகட்டி. சிங்களவர் இதை அட்டபிரிகர என்பார்கள். ஆனால் எண்ணிக்கையைவிட, பிக்குகளின் ஒழுக்க நெறியான விநய விதிகளிலுள்ள காலக்கெடுதான் வியக்க வைக்கிறது. மேலதிகமாகக் கிடைத்த சீவரத்தைப் பத்து நாளுக்கு மேல் சும்மா வைத்திருந்தால் குற்றம். இரண்டாவது பாத்திரத்துக்கும் அதே கெடு. மருந்தாகப் பெற்ற நெய்க்கும் தேனுக்கும் ஏழு நாள். நம் வீடும் வாங்கும்போது நிறைவதில்லை. "இருக்கட்டும், பிறகு பார்ப்போம்" என்று அலுமாரிக்குள் தள்ளும்போதுதான் நிறைகிறது. விதி கைவைப்பது சரியாக அந்த இடத்தில்.

இப்படிக் குறைந்த பொருளோடு வாழ்வதைத் தனியொருவரின் வீரமாகப் பாடுவது நியாயமில்லை. ஆசிரமத்தைத் தந்தவர்களும் சோறு தந்தவர்களும் இல்லறத்தார். கண்டியைச் சூழ்ந்த தோட்டங்களில், பத்தடிக்குப் பன்னிரண்டடி லயக் காம்பறாவில் தலைமுறைகளாகக் குடும்பம் நடத்தியவர்களிடமும் பொருள் குறைவுதான். அது அவர்கள் தேர்ந்தெடுத்த வாழ்க்கை அல்ல. அதற்கு எளிமை என்று பெயர் சூட்டுவது அநீதி.

தேரரோ எளிமையைத் தேர்ந்தெடுத்தவர்; அந்தத் தேர்வு அவருக்குக் கொடுத்தது நேரம். 1958இல் ஏ. எஸ். கருணாரத்ன, ரிச்சர்ட் அபேசேகர ஆகியோருடன் பௌத்த வெளியீட்டுச் சங்கத்தைத் தொடங்கினார். சில கைநூல்களோடு நிறுத்துவதாகத்தான் எண்ணம். வாசகர்கள் மேலும் கேட்டார்கள். கண்டியில் அச்சான சிறு நூல்கள் உலகெங்கும் தபாலில் போயின. 1984 வரை அவரே பதிப்பாசிரியர்.

அவருக்குப் பின் அந்தப் பொறுப்பை ஏற்றவர் அமெரிக்கரான பிக்கு போதி. அவரும் அதே ஆசிரமத்தில் தங்கி, 1994இல் தேரர் மறையும்வரை உடனிருந்து பார்த்துக்கொண்டார். பாளி சூத்திரத் தொகுப்பான சங்யுத்த நிகாயத்துக்குப் பிக்கு போதி செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு 2000இல் வெளிவந்தது. 2,000 பக்கங்களைத் தாண்டும் நூல் அது.