வாசலில் படரும் கொடியை வேரோடு எடுப்போம்

மழை பிடித்துவிட்டால் லயத்து வாசலிலும் மரக்கறிப் பாத்தியிலும் ஒரு கொடி ஓடுவதைப் பார்த்திருப்பீர்கள். இதய வடிவ இலை. கொத்துக் கொத்தாகச் சிறிய வெள்ளைப் பூ. இதன் பெயர் மிக்கானியா. நடு அமெரிக்காவும் தென் அமெரிக்காவும் இதன் தாயகம். ‘நிமிடத்துக்கு ஒரு மைல்’ என்று ஆங்கிலத்தில் இதற்குப் பட்டப்பெயர் உண்டு. இது மேலே ஏறிப் படர்ந்தால் பயிற்றைக்கும் கத்தரிக்கும் வெளிச்சம் கிடைக்காது. கறிக்கு நட்ட செடி காய்க்காமலே போகும்.

“போன கிழமைதானே வெட்டுனோம், மறுபடியும் வந்திருச்சே” என்று பலர் சொல்கிறார்கள். வெட்டியதுதான் காரணம். இந்தக் கொடியின் ஒவ்வொரு கணுவும் மண்ணைத் தொட்டால் வேர் விடும். பத்துத் துண்டாக வெட்டிப் போட்டால் பத்துக் கொடி முளைக்கும்.

ஆகவே நாம் செய்ய வேண்டியது இதுதான்:

1. பூ விரியுமுன் எடுங்கள். பூத்தபின் பஞ்சு போன்ற விதை காற்றில் பறந்துவிடும்.

2. மழை பெய்து மண் இளகியிருக்கும் நாளில், முள்ளால் மண்ணைக் கிளறி, கணு கணுவாக வேரோடு இழுங்கள். சரிவான இடத்தைச் சுரண்டி மொட்டையாக்க வேண்டாம். மண் கரைந்து போகும்.

3. எடுத்ததைக் காணில் வீசாதீர்கள். தண்ணீர் அதைக் கீழ் லயத்துக்குக் கொண்டுபோகும். கல்லிலோ பழைய தகரத்திலோ போட்டு, மொறுமொறுவென்று காயவிடுங்கள்.

4. வெறும் மண்ணில் வத்தாளைக் கொடி நடுங்கள். நிழல் விழுந்தால் மிக்கானியா தலை தூக்காது.

5. இரண்டு கிழமைக்கு ஒருமுறை பார்த்து, புதிதாக வந்ததைப் பிடுங்குங்கள்.

முக்கியமாக ஒன்று. மலையில் அடிக்கும் களைநாசினியைச் சோடா போத்தலில் ஊற்றி வீட்டுக்குக் கொண்டுவர வேண்டாம். பிள்ளைகள் குடிக்கும் சோடா என்று நினைத்து வாயில் வைத்துவிட்டால், அந்த இழப்பை எதனாலும் ஈடுசெய்ய முடியாது. வாசல் களைக்குக் கையும் முள்ளும் போதும்.

ஒரு வீட்டுக்காரர் மட்டும் எடுத்தால் பக்கத்துக் காம்பராவிலிருந்து மறுபடி ஏறி வரும். லயத்தில் எல்லோருமாகச் சேர்ந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் இறங்குவோம். நம் வாசல் நமக்கே மிஞ்சும்.