ஒரு நிமிடச் சிரிப்புக்குப் பின்னால்

'சலூன்' என்றதும் முடிதிருத்தும் கடைதானே நினைவுக்கு வருகிறது? அன்றைய அமெரிக்காவில் அது மதுக்கடை. கல்லூரியில் திரைப்பட வரலாற்று இடுபணிக்காக நான் தேர்ந்தெடுத்த ஊமைப்படத்தின் பெயர் 'கான்சஸ் சலூன் ஸ்மாஷர்ஸ்'. எடிசன் நிறுவனம் 1901-இல் வெளியிட்டது. ஓடும் நேரம் சுமார் ஒரு நிமிடம்.

ஆண்கள் குடித்துக்கொண்டிருக்கிறார்கள். கோடரிகளுடன் பெண்கள் நுழைகிறார்கள். போத்தல்களும் கண்ணாடியும் நொறுங்குகின்றன. கடைக்காரர் தலைவியின் மேல் சோடாவைப் பீய்ச்சுகிறார். போலீஸ்காரர் வந்து அனைவரையும் வெளியேற்றுகிறார். நானும் தம்பியும் விழுந்து விழுந்து சிரித்தோம்.

பிறகுதான் அந்தத் தலைவியைப் பற்றிப் படித்தேன். கேரி நேஷன் என்பவரைக் கிண்டல் செய்து எடுத்த படம் அது. அவருடைய முதல் கணவர் ஒரு மருத்துவர். குடிப்பழக்கத்தால் சீரழிந்து, திருமணமாகி இரண்டு ஆண்டுகளுக்குள், 1869-இல் இறந்துபோனார். கேரியின் கையில் அப்போது ஒரு குழந்தை.

கான்சஸ் மாநிலத்தில் 1881 முதலே மதுவிலக்கு நடப்பில் இருந்தது. ஆனாலும் மதுக்கடைகள் வெளிப்படையாகவே இயங்கின. சட்டம் கண்ணை மூடிக்கொண்டதால் அவர் கோடரியைத் தூக்கினார். பலமுறை கைதானார். சிறிய கோடரி வடிவ நினைவுப் பொருள்களை விற்று அபராதம் கட்டினார். கடையை உடைப்பது சரியா என்று வாதிடலாம். ஆனால், அந்தப் படத்தில் கோடரி இருந்தது, காரணம் இல்லை.

1909-இல் டி. டபிள்யூ. கிரிஃபித் 'எ டிரங்கர்ட்ஸ் ரிஃபர்மேஷன்' என்ற படத்தை இயக்கினார. குடிகாரத் தந்தை ஒருவர் தம் சிறுமகளுடன் நாடகம் பார்க்கிறார். மேடையில் ஒரு குடும்பம் குடியால் அழிகிறது. மேடையும் அவர் முகமும் மாறி மாறித் தெரிய, அவர் மனம் மாறுவதை நாமே காண்கிறோம். இங்கே மனைவி வீட்டில் கலங்கிக் காத்திருக்கிறாள். அழுத பெண்ணுக்கு அனுதாபம். கோபப்பட்ட பெண்ணுக்குச் சோடா!

இதை எழுதும்போது ஒன்று உறுத்தியது. சென்ற மாதம், ஒரு கடையில் பெண் ஒருவர் கத்தும் காணொலியைச் சிரிப்புப் படங்களுடன் புலனக் குழுவில் பகிர்ந்திருந்தேன். அவர் ஏன் கத்தினார் என்று எனக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை.

அதை நீக்கிவிட்டேன். ஆனால், அதற்குள் எத்தனை பேர் சிரித்திருப்பார்களோ!