அகாந்தோபாக்ரசு

அகாந்தோபாக்ரசு என்பது இசுபாரிடே குடும்பத்தைச் சேர்ந்த ஒரு மீன் பேரினம் ஆகும். இக்குடும்பத்து மீன்கள் பொதுவாகக் கடற்பிரீம்கள் என அழைக்கப்படுகின்றன. இந்தியப் பெருங்கடலிலும் மேற்குப் பசிபிக் பெருங்கடலிலும் இப்பேரினத்தின் 20இற்கும் மேற்பட்ட இனங்கள் அறியப்பட்டுள்ளன. தமிழகக் கடற்கரையை ஒட்டிய காயல்களிலும் கழிமுகங்களிலும் இவை வாழ்கின்றன. இரண்டு காரணங்களால் இப்பேரினம் உயிரியலாளரின் கவனத்தைப் பெற்றுள்ளது. முதலாவது, இதன் பல இனங்கள் ஆணாக வாழ்வைத் தொடங்கிப் பின்னர் பெண்ணாக மாறுகின்றன. இரண்டாவது, தோற்ற ஒற்றுமையால் வெவ்வேறு இனங்கள் நெடுங்காலம் ஒரே பெயரில் எழுதப்பட்டு வந்தன.

பெயர்

கிரேக்க மொழியில் 'அகாந்தா' என்பது முள்ளைக் குறிக்கும். 'பாக்ரசு' என்பது கடற்பிரீம் வகை மீன் ஒன்றின் பழம்பெயர். துடுப்புகளில் உள்ள வலிய முட்களே இப்பெயருக்குக் காரணம். செருமானிய விலங்கியலாளர் வில்கெல்ம் பீட்டர்சு 1855இல் இப்பேரினத்தை நிறுவினார்.

உடலமைப்பு

இம்மீன்களின் உடல் உயர்ந்து, பக்கவாட்டில் தட்டையாக இருக்கும். முதுகுத்துடுப்பில் பெரும்பாலும் 11 முட்களும் அவற்றைத் தொடர்ந்து 10 முதல் 12 மென்கதிர்களும் உள்ளன. குதத்துடுப்பில் 3 முட்கள் உண்டு. அவற்றுள் இரண்டாவது முள் மிகத் தடித்தது. வலையிலிருந்து மீனை எடுக்கும்போது கையைக் குத்துவது இத்தகைய முட்களே.

தாடையின் முன்புறத்தில் கூர்மையான பற்களும், பின்புறத்தில் கடைவாய்ப் பற்களைப் போன்ற உருண்டையான பற்கள் பல வரிசைகளாகவும் அமைந்துள்ளன. முன்பற்கள் இரையைப் பற்றவும், பின்பற்கள் அதன் ஓட்டை நொறுக்கவும் பயன்படுகின்றன. சிப்பி, நத்தை, நண்டு, இறால், புழுக்கள் முதலியன இவற்றின் உணவாகும்.

வகைப்பாடு

இசுபாரிடே குடும்பம் நெடுங்காலமாகப் பெர்சிபார்மீசு என்னும் மிகப்பெரிய வரிசையில் வைக்கப்பட்டிருந்தது. மரபணு ஆய்வுகளுக்குப் பின்னர், இதனையும் இதற்கு நெருங்கிய குடும்பங்களையும் இசுபாரிபார்மீசு என்னும் தனி வரிசையாகக் கொள்ளும் வழக்கம் தோன்றியுள்ளது.

இப்பேரினத்தின் இனங்களைப் பிரித்தறிவது எளிதன்று. உடல் நிறம், துடுப்புகளின் நிறம், பக்கக்கோட்டுக்கு மேலுள்ள செதில் வரிசைகளின் எண்ணிக்கை, குதத்துடுப்பு முள்ளின் நீளம் ஆகியவற்றை ஒருங்கே நோக்கவேண்டும். தொடர்புடைய இனங்கள் 'இனக்கூட்டம்' எனத் தொகுக்கப்படுகின்றன. அவற்றுள் இரண்டு பின்வருமாறு:

பெர்டா இனக்கூட்டம்: கருஞ்சாம்பல் நிற உடலும் கருமையான துடுப்புகளும் கொண்டவை. அகாந்தோபாக்ரசு பெர்டா என்னும் இனத்தைச் செங்கடல் பகுதியிலிருந்து விவரித்தவர் பீட்டர் போர்சுகால். லின்னேயசின் மாணவரான இவர் 1763இல் ஏமனில் இறந்தார். இவருடைய குறிப்புகளை உடன் பயணம் செய்த கார்சுட்டன் நீபூர் 1775இல் வெளியிட்டார். மேற்குப் பசிபிக்கில் பெர்டா என்றே எழுதப்பட்டு வந்த மீன், 2010இல் அகாந்தோபாக்ரசு பசிபிக்கசு எனத் தனி இனமாகப் பிரிக்கப்பட்டது.

லேட்டசு இனக்கூட்டம்: குதத்துடுப்பும் வால்துடுப்பும் மஞ்சள் நிறம் கொண்டவை. அகாந்தோபாக்ரசு லேட்டசு என்னும் இனம் 1782இல் சப்பானிலிருந்து விவரிக்கப்பட்டது. பின்னர் இந்தியா, பாரசீக வளைகுடா, ஆசுத்திரேலியா ஆகிய இடங்களின் மஞ்சள்துடுப்பு மீன்களுக்கும் அதே பெயர் வழங்கப்பட்டது. சப்பானிய ஆய்வாளர் யுகியோ இவாட்சுகி 2013இல் வெளியிட்ட மீளாய்வில் இவை ஐந்து இனங்கள் எனக் காட்டினார். அவற்றுள் மூன்று புதியவை. உண்மையான லேட்டசு கிழக்காசியக் கடல்களுக்கே உரியது. வங்காள விரிகுடாவின் மீனுக்கு, வாலன்சியென் 1830இல் சூட்டிய லாங்கிசுபின்னிசு என்னும் பெயர் மீட்கப்பட்டது. பிரான்சிசு ஆமில்ட்டன் 1822இல் தம் கங்கை மீன்கள் நூலில் தாத்னியா என விவரித்த மீனும் இதுவே எனக் கருதுவோர், முந்திய பெயராகிய அகாந்தோபாக்ரசு தாத்னியா என்பதைப் பயன்படுத்துகின்றனர்.

எனவே, 2013இற்கு முன் எழுதப்பட்ட இந்திய நூல்களிலும் பட்டியல்களிலும் 'லேட்டசு' எனக் காணப்படுவதை அப்படியே சப்பானிய இனமாகக் கொள்ளுதல் கூடாது. ஓரினத்தின் வளர்ச்சி வேகமும் முட்டையிடும் பருவமும் மற்றோரினத்துக்குப் பொருந்த வேண்டியதில்லை.

வாழிடம்

இவற்றுள் பல இனங்கள் உவர்ப்பு மாறுதலைத் தாங்கக்கூடியவை. பொதுவாக ஆற்று முகத்துவாரத்திலோ அதனை அடுத்த கடலிலோ முட்டையிடுகின்றன. முட்டைகள் நீரில் மிதப்பவை. இளங்குஞ்சுகள் கழிமுகத்துக்குள் நுழைந்து, அலையாத்திக் காடுகளிலும் கடற்புல் படுகைகளிலும் வளர்கின்றன.

இதனால் இம்மீன்களின் வாழ்வு ஆற்று நீரோடும் தொடர்புடையது. எடுத்துக்காட்டாக, ஜவ்வாது மலையில் தோன்றும் செய்யாறு பாலாற்றில் கலக்கிறது. பாலாறு சென்னைக்குத் தெற்கே வங்காள விரிகுடாவை அடைகிறது. கடலிலிருந்து வெகு தொலைவில் அம்மலையில் பெய்யும் மழையும் கழிமுகத்தின் உவர்ப்பை மாற்றுகிறது. நீர்வரத்து நெடுநாள் இல்லாத ஆறுகளின் முகத்துவாரத்தை மணல்திட்டு அடைத்துவிடுவதுண்டு. அப்போது குஞ்சுகள் உள்ளே நுழையும் வழியும் அடைபடுகிறது.

பால் மாற்றம்

இப்பேரினத்தின் பல இனங்களில் இளமீனின் இனப்பெருக்க உறுப்பில் விந்தகத் திசுவும் சூலகத் திசுவும் சேர்ந்தே இருக்கும். முதலில் விந்தகம் முதிர்ந்து மீன் ஆணாகச் செயல்படும். வளர்ந்தபின் விந்தகம் சுருங்கிச் சூலகம் மேலோங்க, அதே மீன் பெண்ணாகிறது. இதனை ஆண்முன் இருபாற்றன்மை எனலாம். நன்கு ஆராயப்பட்ட அகாந்தோபாக்ரசு சிலெகெலி என்னும் கிழக்காசிய இனம் முதல் இரண்டு ஆண்டுகள் ஆணாக இருந்து, மூன்றாம் ஆண்டிலிருந்து பெண்ணாக மாறத் தொடங்குகிறது. எல்லா மீன்களும் மாறுவதில்லை. சில ஆணாகவே தொடர்கின்றன.

இதற்கான விளக்கத்தை மைக்கேல் கிசலின் 1969இல் முன்வைத்தார். சிறிய உடலும் போதிய விந்தணுக்களை உருவாக்கிவிடும். முட்டைகளின் எண்ணிக்கையோ உடல் பெருக்கப் பெருகும். ஆகவே சிறு வயதில் ஆணாகவும் பெரிதானபின் பெண்ணாகவும் இருக்கும் மீன் அதிக வழித்தோன்றல்களை விட்டுச்செல்லும். நமக்கு நன்கு தெரிந்த கொடுவா மீனிலும் இதே மாற்றம் நிகழ்கிறது. மாறாக, இசுபாரிடே குடும்பத்தின் பாக்ரசு பாக்ரசு என்னும் இனத்தில் பெண் ஆணாக மாறுகிறது.

மீன்பிடிப்பும் பாதுகாப்பும்

கடற்பிரீம்கள் சுவைமிக்க உணவுமீன்கள். சப்பான், தைவான் முதலிய நாடுகளில் சிலெகெலி வளர்க்கவும் படுகிறது. இயற்கையில் பிடிக்கும்போது பால் மாற்றம் ஒரு சிக்கலைத் தோற்றுவிக்கிறது. பெரிய மீன்களை மட்டும் தேர்ந்து பிடித்தால் பிடிபடுபவை பெரும்பாலும் பெண்களே. சிறியவற்றை அளவின்றிப் பிடித்தாலோ பெண்ணாக மாறும் வயதை அடையும் மீன்கள் குறைகின்றன. ஆகையால் பிடிக்கத்தக்க குறைந்த அளவை மட்டும் வரையறுப்பது இம்மீன்களுக்குப் போதாது. முதிர்ந்த பெண்மீன்களும் எஞ்சியிருத்தல் வேண்டும்.

தமிழகத்தின் கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் சூன் 14 வரை 61 நாட்கள் விசைப்படகு மீன்பிடிப்புக்குத் தடை உள்ளது. ஆனால் ஆசுத்திரேலியாவின் குயின்சுலாந்து முதலிய பகுதிகளில் இப்பேரினத்து மீன்கள் குளிர்காலத்தில் முட்டையிடுவது அறியப்பட்டுள்ளது. மேலும் குஞ்சுகள் வளரும் இடம் விசைப்படகுகள் செல்லும் ஆழ்கடல் அன்று, கழிமுகமே. எனவே இனத்தைச் சரியாக அறிந்து, அவ்வினம் முட்டையிடும் காலத்தையும் இடத்தையும் கண்டறிந்த பின்னரே அதற்கேற்ற பாதுகாப்பை வகுக்க இயலும்.