சுப்ரதா மித்ராவும் ஒரு வெள்ளைத் துணியும்

சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' (1956) பார்த்தவர்களுக்கு, காசியில் அபு குடும்பம் குடியிருக்கும் வீடு ஞாபகம் இருக்கும். நடுவில் முற்றம், சுற்றிலும் அறைகள். ஏதோ ஒரு பழைய காசி வீட்டுக்குள் போய் எடுத்த மாதிரியே இருக்கும். ஆனா அது கல்கத்தா ஸ்டுடியோவில் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா போட்ட செட். அது செட் என்று தெரியாமல் போனதில் பாதிப் பங்கு ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவுக்கு.

சிக்கல் என்னன்னா, படித்துறைக் காட்சிகள் நிஜக் காசியில் எடுத்தவை. அங்கிருந்து வீட்டுக்குள் வரும்போது வெளிச்சம் பொய்யாக இருந்தால் மொத்தமும் கெட்டுவிடும். அன்றைய ஸ்டுடியோ வழக்கப்படி விளக்குகளை நடிகர் மேல் நேராக அடிப்பார்கள். விளக்குக்கு ஒரு நிழல். ஆள் நடந்தால் சுவரில் இரண்டு மூன்று நிழல்கள் கூடவே நடக்கும். நிஜ முற்றத்தில் வெளிச்சம் தருவது வானம். அவ்வளவு அகலமான விளக்கு என்பதால் நிழலின் ஓரம் கரைந்துபோயிருக்கும்.

மித்ரா முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டினார். விளக்குகளைக் கீழிருந்து அந்தத் துணியைப் பார்த்துத் திருப்பினார். துணியில் பட்டுத் திரும்பி இறங்கிய வெளிச்சத்தில்தான் படம் எடுத்தார். இன்று கல்யாண போட்டோகிராபர் ஃபிளாஷைக் கூரைப் பக்கம் திருப்புகிறாரே, அதே 'பவுன்ஸ்' முறைதான். இதில் வெளிச்சம் நிறைய வீணாகும். அன்றைய ஃபிலிமுக்கு வெளிச்சமோ நிறைய வேண்டும். தெரிந்தேதான் செய்தார்.

இத்தனைக்கும் அவர் சினிமாப் பள்ளியில் படித்தவர் இல்லை. 1930-ல் பிறந்தவர். ழான் ரெனுவார் வங்காளத்தில் 'தி ரிவர்' எடுத்தபோது வேலை கேட்டார், கிடைக்கவில்லை. வேடிக்கை பார்க்க அனுமதி கிடைத்தது. விளக்கு எங்கே, கேமரா எங்கே, நடிகர் எப்படி நகர்கிறார் என்று தினமும் படம் வரைந்து வைத்தார். பிறகு 'பதேர் பாஞ்சாலி'க்கு ராய் கூப்பிட்டபோது, அதற்குமுன் அவர் மூவி கேமராவை இயக்கியதே இல்லை.

'சாருலதா' (1964), 'நாயக்' (1966) வரை ராயுடன் வேலை செய்தார். வெளியே 'ஷேக்ஸ்பியர் வாலா', 'தீஸ்ரி கசம்'. 'நியூ டெல்லி டைம்ஸ்' படத்துக்குத் தேசிய விருது. 2001-ல் காலமானார். இந்தப் பட்டியலைவிட எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. வழக்கமான படத்தில் வெளிச்சம் நட்சத்திரத்தின் முகத்தைத் தேடிப் போகும். மித்ராவிடம் வெளிச்சம் வீட்டுக்குச் சொந்தம். சர்வஜயா அறையின் இருட்டுப் பக்கம் போனால் அவள் முகமும் இருட்டும்; அவளுக்கென்று தனி விளக்கு வராது. அவள் வறுமையை நாம் நம்புவதற்கு வசனத்தைவிட இதுதான் காரணம்னு நினைக்கிறேன்.

அடுத்த தடவை 'அபராஜிதோ' பார்க்கும்போது, ஹரிஹர் நோயில் படுத்திருக்கும் காட்சியில் முகங்களை விட்டுட்டு, பின்னாலிருக்கும் சுவரைப் பாருங்க.