நானும் ரெண்டு பல்பு வாங்கினேன்!

'உங்கள் காரில் மொத்தம் எத்தனை பல்பு?' என்று யாராவது கேட்டால் என்ன சொல்வீர்கள்? போன மாதம் வரை நான், 'முன்னாடி ரெண்டு, பின்னாடி ரெண்டு, ஆக நாலு' என்று சொல்லிக்கொண்டிருந்தேன். பி.காம். படித்தவன் கூட்டலில் தப்பு செய்வானா என்ற தைரியம்தான்! உட்கார்ந்து எண்ணினால் அது ஒரு டஜனைத் தாண்டுகிறது. என் கணக்கில் விட்டுப்போன ஒரு சின்ன பல்பு, கிட்டத்தட்ட என் கணக்கையே முடிக்கப் பார்த்தது.

என் மைத்துனன் கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒரு கம்பெனியில் ஷிப்ட் சூப்பர்வைசர். அவன் குழந்தைக்குப் பெயர் வைக்கிற விசேஷம். திருவள்ளூரிலிருந்து குடும்பத்தோடு போயிருந்தோம். வாகனம், என்னுடைய பழைய சின்ன கார். அது எந்த கம்பெனி, எத்தனை வயசு என்றெல்லாம் கேட்காதீர்கள். வெளியே சொன்னால் கோபித்துக்கொண்டு மறுநாள் ஸ்டார்ட் ஆகாது.

விருந்து முடிந்து கிளம்பும்போதே பொழுது சாய்ந்துவிட்டது. மறுநாள் அமாவாசை. ஊரில் வீரராகவப் பெருமாள் கோயிலுக்கு முதல் நாள் ராத்திரியே கூட்டம் வர ஆரம்பித்துவிடும். அதற்குள் வீடு போய்ச் சேரவேண்டும் என்று அவசரம். ஜி.என்.டி. ரோட்டில் கம்பி லாரிகளுக்கு நடுவில் நெளிந்து வளைந்து, கவரப்பேட்டை தாண்டி, புதுவாயலில் பெரியபாளையம் ரோட்டுக்குத் திரும்பினோம்.

திரும்பிக் கொஞ்ச தூரம்தான் போயிருப்போம். பின் சீட்டிலிருந்து, ''அப்பா... ஒரு மாதிரி இருக்குப்பா'' என்றாள் மகள். விருந்தில் மூன்று ஜாங்கிரி சாப்பிட்டவள், வேறு எப்படி இருக்கும்?

ஓரமாக நிறுத்தினேன். தெரு விளக்கு கிடையாது. எதிரே வருகிறவர் கண் கூசக்கூடாதே என்று ஹெட்லைட்டை அணைத்து, பார்க்கிங் லைட்டை மட்டும் போட்டுவிட்டுப் பின்பக்கம் போனேன். மனைவி காருக்குள் இருந்தபடியே குழந்தையின் நெற்றியைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

எதிரே ஒரு டிராக்டர் வந்தது. அதை முந்திக்கொண்டு ஒரு டிப்பர் லாரி. நேராக எங்களைப் பார்த்து!

அடுத்து நடந்ததை வரிசையாகச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. ஹாரன், பிரேக் சத்தம், புழுதி, என் மனைவியின் 'ஐயோ!' எல்லாம் ஒன்றாகக் கேட்டது. லாரி ஒடித்துத் திரும்பி, எங்கள் காரை ஒரு முழ இடைவெளியில் உரசாமல் தாண்டிப் போய் நின்றது. டிரைவர் இறங்கி ஓடி வந்தார். திட்டப் போகிறார் என்று தயாராக நின்றேன்.

''சார், பைக் ஓரமா நிக்குதுன்னு நெனச்சேன் சார். பைக்குக்குத் தாராளமா எடம் விட்டுத்தான் ஏறி வந்தேன். கிட்ட வந்தப்புறம்தான் காருன்னே தெரியுது. உங்க ரைட் சைடு பார்க்கிங் எரியவே இல்லியே! உள்ள கொழந்தை வேற இருக்குது...''

திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை. பீடி பற்ற வைக்கப் போனவருக்கு மூன்று தீக்குச்சி செலவானது. கை அப்படி நடுங்கியது.

* * *

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அம்மா ஊத்துக்கோட்டைப் பக்கம்.

''உங்க தாத்தா ராத்திரியில மாட்டு வண்டி ஓட்டும்போது அடியில, அச்சுக்கிட்ட ஒரு அரிக்கேன் விளக்கைக் கட்டித் தொங்கவிட்டிருப்பார். வண்டிக்குக் கீழ கட்டினா மாட்டுக்கு எப்படிப்பா வழி தெரியும்னு நான் சின்னதுல கேட்டிருக்கேன். 'மாட்டுக்கு வழி தெரியும்மா. இது எதிர்ல வர்றவனுக்கும் பின்னாடி வர்றவனுக்கும்'பாரு.''

அவ்வளவுதான் விஷயம். ஹெட்லைட் நாம் பார்ப்பதற்கு. பார்க்கிங் லைட் நம்மைப் பிறர் பார்ப்பதற்கு. நமக்கு உபயோகப்படுவது கெட்டால் அரை நிமிஷத்தில் தெரிந்துவிடும். மற்றவருக்கு உபயோகப்படுவது கெட்டால் மாசக் கணக்கில் தெரியாது. என் வலது பல்பு எப்போது செத்தது என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது.

சட்டமும் தாத்தா கட்சிதான். 1989-ஆம் வருட மத்திய மோட்டார் வாகன விதிகளில் 109-வது விதி, முன்னால் பக்கத்துக்கு ஒன்றாக வெள்ளை அல்லது ஆம்பர் விளக்கு, பின்னால் ரெண்டு சிவப்பு விளக்கு வேண்டும் என்கிறது. வண்டி ரோட்டில் சும்மா நின்றாலும் அவை எரியவேண்டுமாம்.

இதில் வலது பக்க விளக்குக்கு மரியாதை கொஞ்சம் அதிகம். நாம் இடது பக்கமாக ஓட்டுகிறவர்கள். காரின் வலது ஓரம்தான் ரோட்டின் நடுப்பக்கம் இருக்கும். இடது விளக்கு செத்தாலாவது எதிரே வருகிறவர் வலது விளக்கைப் பார்த்து ஒதுங்கிவிடுவார். வலது செத்தால், ஓரத்தில் ஒற்றை விளக்கு. அது பைக்கா, சைக்கிளா, டீக்கடையா? எப்படியிருந்தாலும் நடுவில் இருக்கும் காரின் அகலம் அவருக்குக் காலி இடம்!

* * *

மறுநாள் ஒரு ஒர்க்‌ஷாப்புக்குப் போனேன்.

''டூமை செட்டோட மாத்திடலாம் சார். மூவாயிரத்து ஐநூறு ஆகும்.''

''பல்பு என்ன விலை?''

''பல்பு இருபது ரூபாதான் சார்.''

இருபது ரூபாய்ச் சரக்குக்கு மூவாயிரத்து நானூற்று எண்பது ரூபாய் இதர செலவு! எந்த ஆடிட்டர் ஒப்புக்கொள்வார்? சில கார்களில் பம்பரைக் கழற்றினால்தான் கை உள்ளே போகும் என்பது நிஜம். அவர்களுக்குக் கூலி கொடுக்கத்தான் வேண்டும். என் காரில் பானட்டைத் திறந்தாலே டூமின் முதுகு தெரிகிறது.

அதோடு ஒரு ரோஷமும் வந்தது. 1998-ல் ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ், மிட்சுபிஷி லான்சர் காரைச் செய்தது எங்கள் திருவள்ளூரில்தான். இன்றைக்கு அதே வளாகத்திலிருந்து சிட்ரோயன் கார் வருகிறது. முழு காரையே செய்து அனுப்புகிற ஊரில் இருந்துகொண்டு ஒரு பல்பு மாட்டத் தெரியாதா?

ஞாயிற்றுக்கிழமை காலை, லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினேன். மகள் டார்ச் பிடித்தாள். மனைவி வாசற்படியில் உட்கார்ந்து வெங்காயம் உரித்தபடி மேற்பார்வை.

சாவியை எடுத்தாயிற்று. லைட் சுவிட்ச் ஆஃப். டூமின் பின்னால் தடியாக ஒயர் போகிற பெரிய கனெக்டர் ஹெட்லைட்டுக்கு. அதன் பக்கத்தில் ரெண்டே ரெண்டு மெல்லிய ஒயரோடு ஒரு குட்டி ஹோல்டர். அதுதான் நம் ஆள். இடது பக்கமாகக் கால் திருப்பு திருப்பினால் ஹோல்டர் பல்போடு கையில் வந்துவிடுகிறது. அட, இவ்வளவுதானா!

இங்கேதான் என் வீட்டு அனுபவம் காலை வாரிவிட்டது. வீட்டு குண்டு பல்பு என்றால் அமுக்கித் திருப்புவோம் இல்லையா? அதே மாதிரி அமுக்கித் திருப்பினேன். 'பொட்'டென்று உடைந்தது. விரலில் ரத்தம். இந்த வகைப் பல்புக்கு உலோகத் தொப்பியே கிடையாது. கண்ணாடியே அடியில் தட்டையாகி, ஹோல்டரில் சொருகி நிற்கிறது. திருப்பவே கூடாது. நேராகப் பிடித்து இழுத்தால் போதும். பழைய மாடல்களில் பித்தளைத் தொப்பி போட்ட குட்டி பல்பு இருக்கும். அதைத்தான் அமுக்கித் திருப்பவேண்டும்.

''என்னங்க, மூவாயிரத்து ஐநூறு அப்படியே இருக்கில்ல?'' என்று கேட்டுக்கொண்டே மனைவி மஞ்சள் தூளை எடுத்து வந்தாள்.

* * *

போனில் விஷயத்தைக் கேட்ட மைத்துனன், ''அடடா, கவலைப்படாதீங்க மாமா. எங்க ஏரியாவுல கடைக்குப் பஞ்சமா? நானே வாங்கிட்டு வரேன்'' என்றான். சொன்னபடி அடுத்த ஞாயிற்றுக்கிழமை பைக்கில் வந்து ரெண்டு பல்பைக் கையில் வைத்தான். ஒன்று செத்தால் ரெண்டையும் மாற்றுவது நல்லது. ரெண்டும் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவை. ஒருவர் ரிட்டையர் ஆனால் மற்றவருக்கும் நாள் நெருங்கிவிட்டது என்று அர்த்தம்.

சொருகினேன். சுவிட்சைப் போட்டேன். எரிந்தது. ஆனால் எப்படி? ஊதுவத்தி நுனி மாதிரி.

''பேட்டரி வீக்கா மாமா?''

''அப்போ ஹெட்லைட் மட்டும் எப்படிடா பளீர்னு எரியுது?''

ஃபியூஸைப் பார்த்தோம். ஹோல்டரில் பச்சையாகப் பூத்திருந்ததை உப்புத்தாளால் தேய்த்தோம். ஊதுவத்தி ஊதுவத்தியாகவே இருந்தது. கடைசியில் மகள்தான், பல்பின் அடியில் எறும்பு எழுத்தில் இருந்ததைக் கூட்டிப் படித்தாள்.

''அப்பா, இதுல இருபத்திநாலுன்னு போட்டிருக்கு.''

விளங்கிவிட்டது. கார் 12 வோல்ட். லாரி 24 வோல்ட். மைத்துனன் வாங்கிய கடைக்கு வருகிறவர்களெல்லாம் லாரிக்காரர்கள். இவன் 'பார்க்கிங் பல்பு' என்று மொட்டையாகக் கேட்டிருக்கிறான். கடைக்காரர் வழக்கமானதைக் கொடுத்துவிட்டார். அவர் மேல் என்ன தப்பு? பாதி வோல்ட் கிடைத்தால் பாதி வெளிச்சமாவது வரும் என்று நினைக்காதீர்கள். இழை சரியாகச் சூடே ஆகாது. அதைவிட ரொம்பக் குறைவாகத்தான் வரும். மாற்றி, கார் பல்பை லாரியில் மாட்டினால் உடனே பீஸ் போய்விடும்.

ஆகவே கடையில், 'பன்னிரண்டு வோல்ட், அஞ்சு வாட்' என்று மந்திரம் மாதிரி சொல்லுங்கள். பழைய பல்பைக் கையோடு கொண்டுபோய்க் காட்டினால் இன்னும் நல்லது. என்னை மாதிரி உடைத்துவிடாமல் இருந்தால்! எல்.இ.டி. வாங்கினால், எரியாவிட்டால் பதறாதீர்கள். அதற்குப் பல வகைகளில் பிளஸ் மைனஸ் உண்டு. உருவித் திருப்பிச் சொருகினால் எரியும். நீலம், ஊதா என்று தேர்த் திருவிழா கலர் மட்டும் வேண்டாம்.

திருவள்ளூரிலேயே நாற்பது ரூபாய்க்கு ரெண்டு பல்பு வாங்கி, துணியால் துடைத்து, நேராகச் சொருகி, எரிகிறதா என்று பார்த்த பிறகு ஹோல்டரை வலது பக்கம் திருப்பி மாட்டினேன். அதைச் சுற்றி இருக்கும் ரப்பர் வளையம் சரியாக உட்கார்ந்திருக்கிறதா என்பதையும் பார்த்துக்கொண்டேன். அது நழுவினால் மழைத் தண்ணீர் டூமுக்குள் போய்விடும்.

அன்று ராத்திரி பார்க்கிங் லைட்டைப் போட்டுவிட்டு எதிர் வரிசையில் போய் நின்று பார்த்தேன். ரெண்டு கண்ணும் விழித்திருந்தன. ''அழகா இருக்குப்பா'' என்றாள் மகள். ரொம்ப வருஷத்துக்கு முன்னால் பி.காம். ரிசல்ட் பார்த்த அன்று இருந்த சந்தோஷம். அப்படியே போய்ப் படுத்தேன்.

அப்படியே என்றால், அப்படியே. விளக்கை அணைக்காமல்!

காலையில் சாவியைத் திருப்பினால் 'டிக்' என்று ஒரு சத்தம். அதோடு சரி. என் கணக்கு மூளை அப்போதுதான் விழித்தது. முன்னால் ரெண்டு, பின்னால் ரெண்டு, நம்பர் பிளேட்டுக்கு ஒன்று. அஞ்சு பல்பு, தலைக்கு அஞ்சு வாட். மொத்தம் இருபத்தைந்து வாட். பன்னிரண்டால் வகுத்தால் ரெண்டு ஆம்பியர் சொச்சம். பத்து மணி நேரத்துக்கு இருபது ஆம்பியர் காலி. முப்பத்தைந்து ஆம்பியர் கிழட்டு பேட்டரி அதற்கு மேல் என்ன செய்யும்? பால்காரர், பக்கத்து வீட்டுக்காரர், நான் என மூன்று பேர் தள்ளினோம். மனைவி ஸ்டியரிங்கில்.

''அப்பா ரெண்டு பல்பு வாங்கினார். இப்போ மூணாவது!'' என்றாள் மகள், தெருவுக்கே கேட்கிற மாதிரி.

* * *

போன வாரம் மறுபடியும் கும்மிடிப்பூண்டி. திரும்பும்போது அதே ரோடு, அதே இருட்டு. மகளுக்கு ஒன்றுமில்லை. நானாகத்தான் நிறுத்தினேன். பார்க்கிங் லைட்டைப் போட்டுவிட்டு எல்லோரும் இறங்கி, ரோட்டை விட்டுத் தள்ளி மண்ணில் நின்றோம்.

தூரத்தில் ஒரு டிப்பர் வந்தது. முன்னால் போன ஷேர் ஆட்டோவை முந்த வெளியே எடுத்தது. எங்கள் காரைப் பார்த்தது. உடனே அடங்கி, ஷேர் ஆட்டோவுக்குப் பின்னாலேயே ஒழுங்காக வந்து எங்களைக் கடந்து போனது.

அந்த டிரைவர் யாரென்று எனக்குத் தெரியாது. அவரும் என்னைப் பார்த்திருக்க மாட்டார். பல்பைப் பார்த்தார். அது போதும்.

மனைவி ஒன்றும் பேசாமல் மகளைக் கொஞ்ச நேரம் அணைத்துக்கொண்டிருந்தாள். பிறகு சொன்னாள்:

''வீட்டுக்குப் போனதும் மறக்காம அணைச்சிடுங்க.''